கத்தரித் தோட்டத்து அழைப்பு

"இந்த ஈரநிலாவ இண்டைக்கு நிப்பாட்டித் தந்தாத்தான் நான் ஒன்ட கடைய விட்டு எழும்புவன், மச்சான்."

நளீர் கைபேசியைக் கண்ணாடி மேசைமேல் போட்ட போட்டில், பஹ்மி பழுதுபார்க்கத் திறந்து வைத்திருந்த இன்னொரு போனின் திருகாணிகள் நாலாபக்கமும் சிதறின. பஹ்மி சண்டைக்குப் போகாமல் குனிந்து ஆணி பொறுக்கினான். கூட்டாளியின் முகம் அப்படி இருந்தது.

ஈரநிலா என்பது முகநூலில் ஒரு பெயர். படத்தில் முகம் இல்லை, ஒரு மல்லிகைப் பூ மட்டும். காத்தான்குடியில் பெண்கள் சொந்தப் பெயரும் முகமும் போடுவது அரிது என்பதால், நளீரின் நட்புப் பட்டியலில் பாதி பூவும் மீதி நிலாவும்தான். யார் கேட்டாலும் பார்க்காமல் சேர்த்துக்கொள்கிற பழக்கம் அவனுக்கு. இப்போது அனுபவிக்கிறான்.

'ஈரநிலா உங்களைக் கத்தரித் தோட்டம் விளையாட அழைக்கிறார்.' 'ஈரநிலாவின் செடி வாடுகிறது, தண்ணீர் ஊற்ற வாருங்கள்.' பொழுது விடிந்தால் இதே பாட்டு. நேற்று கல்லடியில் ஒரு வீட்டில் ஏணியில் நின்று ஏசி கழற்றும்போது சட்டைப்பையில் டிங் என்றது. பதறிப் போய் எடுத்துப் பார்த்தான். கத்தரிக்காய். ஏணி ஆடியதில் விழாமல் தப்பியது அல்லாஹ்வின் காவல்.

இன்னொருவன் என்றால் போனைச் சத்தமில்லாமல் போட்டுவிட்டு வேலையைப் பார்ப்பான். நளீரால் முடியாது. ஒரு மறுமொழிக்காக அவன் தவம் கிடந்தான்.

கட்டாரில் வேலை முடிந்து வந்து, கல்யாணமாகி ஆறு மாதம். ஊர் வழக்கப்படி மனைவி றுமானாவின் வீட்டோடுதான் இருக்கிறான். அந்த வீட்டின் முன்னறை தெருவைப் பார்த்தபடி சும்மா கிடக்கிறது. அதில் ஏசி, பிரிட்ஜ் திருத்தும் கடை போட்டால் ஊர் ஊராக அலைய வேண்டாம், திரும்பக் கடல் கடக்கவும் வேண்டாம். ஆனால் அறை மாமியுடையது, றுமானாவின் உம்மாவுடையது. மாமியோ அந்தக் காலத்து ஆள். மருமகன் முன்னால் வரமாட்டார், ஒரு சொல் பேசமாட்டார். இவன் உள்ளே நுழைந்தால் அவர் குசினிக் கதவுக்குப் பின்னால் போய்விடுவார். கேள்வியும் பதிலும் றுமானா வழியாகத்தான். கல்யாணத்துக்கு ஆசையாக வாங்கி வந்த சாமான்களைக்கூட அவள் கையில்தான் கொடுத்தனுப்பினான். பிடித்ததா இல்லையா என்று ஒரு சத்தமில்லை. மாமிக்குத் தன்னைக் கண்டாலே ஆகாது என்றே நளீர் முடிவு கட்டியிருந்தான்.

முன்னறையைக் கேட்டு ஒரு கிழமை ஆகிறது. உம்மா வாய் திறந்ததும் மெசேஜ் போடுகிறேன் என்று றுமானா சொல்லியிருந்தாள். அதனால்தான் ஒவ்வொரு டிங்குக்கும் இவன் போனைப் பாய்ந்து எடுத்தான். ஒவ்வொரு டிங்கும் கத்தரிக்காயாகவே வந்தது.

"றுமானாட்டக் கேட்டுப் பார்த்தியா, இது ஆரெண்டு?" என்றான் பஹ்மி.

"பூப்படம் போட்ட பொம்புளையொண்டு விடியவும் பொழுதுபடவும் விளையாடக் கூப்பிடுது எண்டு பொண்டாட்டிட்டப் போய்ச் சொல்லவா? நல்ல கதை."

பஹ்மி சிரித்துவிட்டு விளக்கினான். அமைப்புகளுக்குள் போய் விளையாட்டு அழைப்புகளை மட்டும் நிறுத்திவிடலாம். அனுப்புகிறவருக்கு ஒன்றும் தெரியாது, மனமும் நோகாது. அவ்வளவுதான் வேலை.

அந்த நேரம் பார்த்து மறுபடி டிங் என்றது. செடி வாடுகிறதாம்.

நளீருக்கு எங்கிருந்துதான் அந்த வெறி வந்ததோ, மேசையிலிருந்து போனைப் பறித்தெடுத்து மளமளவென்று தட்டினான். 'உங்களுக்கு வேற வேலை வெட்டி இல்லையா? போய் வீட்டுல சட்டி பானையக் கழுவுங்க. இனி என்ட பக்கம் தலை வெச்சும் படுக்காதீங்க.' அனுப்பினான். அது போய்ச் சேர்ந்து, பார்த்ததற்கான அடையாளம் விழும்வரை காத்திருந்துவிட்டு, ஆளையே தடை செய்தான்.

"அவ்வளவு சூடு தேவையில்ல மச்சான்," என்றான் பஹ்மி.

"எனக்கு இப்பதான் மூச்சு வருது."

உண்மையாகவே போன் ஊமையானது. கடையில் ஒரு பிளேன்டீ குடித்து முடியும்வரை ஒரு கத்தரிக்காயும் இல்லை. பிறகு டிங் என்றது. நளீர் பல்லைக் கடித்தபடி பார்த்தான். றுமானா. 'உம்மா முடிவு சொல்லிட்டா. உடனே வாங்க.'

அவனுக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. போகிற வழியில் ஒரு பெட்டி மஸ்கட் வாங்கிக்கொண்டான், மாமிக்கு இனிப்பில் அதுதான் விருப்பம் என்று கேள்விப்பட்டிருக்கிறான். கடைக்கு என்ன பெயர் வைப்பது என்று யோசித்தபடியே வீட்டு வாசலில் மோட்டார் சைக்கிளை நிறுத்தினான்.

முன்னறைக் கதவில் புதுப் பூட்டுத் தொங்கியது. அதன் முன்னால் றுமானா இடுப்பில் கைவைத்து நின்றாள். பகல் சாப்பாட்டு நேரமாகியும் உள்ளே கறி மணமே இல்லை.

"மாமி என்ன சொன்னா?" என்று கேட்டான், பாதிக் குரலில்.

"விடிய ஓம் எண்டுதான் இருந்தா. முன்னுக்கு வந்து பேசத்தான் கூச்சம், நீங்க வாங்கித் தந்த போன்லயாவது மருமகனோட ரெண்டு ஆட்டம் விளையாடுவம் எண்டு ஆசப்பட்ட மனுஷி," என்றாள் றுமானா. "ஆறு மாசத்துல நீங்க அவவோட பேசின முதல் பேச்சாம், சொன்ன மாதிரியே சட்டி பானையெல்லாம் கழுவிக் கவுத்து வெச்சிட்டா."