வாகான பந்து

மியாசாகி மைதானத்தில் பிப்ரவரி வெயில் சூடே இல்லாமல் வெறும் வெளிச்சமாகக் கிடக்கிறது. பந்து வீசும் மேட்டில் நிற்கும் குராமோச்சியின் பக்கத்தில் ஒரு கூடை நிறைய பேஸ்பால் பந்துகள். பதினோரு ஆண்டுகள் இதே அணிக்காகப் பந்து வீசி எதிரணிக்காரர்களை அவுட்டாக்கியவர். தோள் போனதும், பயிற்சியாளர் என்று ஓர் அட்டையைக் கழுத்தில் மாட்டி வைத்துக்கொண்டார்கள். சொந்த அணிக்காரர்கள் அடித்துப் பழகுவதற்கு வாகாகப் பந்து போட்டுக் கொடுப்பதுதான் வேலை. அடிக்க முடியாத பந்தைப் போட்டுவிட்டால் தொப்பியைக் கழற்றி மன்னிப்புக் கேட்க வேண்டும். அது இங்கே மரியாதை. இருபத்திரண்டு வயது நிஷிவாகி மட்டையைச் சுழற்றுகிறான். படார் படாரென்று ஒவ்வொரு பந்தும் வேலியைத் தாண்டுகிறது. "உங்க பந்துன்னா கண்ண மூடிக்கிட்டு அடிக்கலாம்ணே," என்று சிரிக்கிறான். பாராட்டுவதாகத்தான் நினைக்கிறான். குராமோச்சியும் சிரிக்கிறார். அடுத்த பந்தை எடுக்கும்போது அவருடைய இரண்டு விரல்கள், யாரும் சொல்லாமலே, அகன்று பந்தைக் கவ்விக்கொள்கின்றன. பந்து நேராக வந்து, மட்டைக்கு ஒரு முழம் முன்னால் சட்டென்று கீழே இறங்குகிறது. நிஷிவாகி காற்றை அடித்துவிட்டுத் தடுமாறி ஒரு முழங்காலை ஊன்றுகிறான். வலைக்குப் பின்னாலிருந்து தலைமைப் பயிற்சியாளர் ஹிரானுமா கேட்கிறார்: "யோவ், யாரை அவுட்டாக்குற? அவன் நம்ம ஆளுய்யா." இந்த வேலைக்கு வந்த ஏழு வருடத்தில் தான் போட்ட ஒரே நல்ல பந்துக்காகக் குராமோச்சி தொப்பியைக் கழற்றி, இடுப்பு வரை குனிகிறார். "மன்னிச்சிருங்க தம்பி. கை தவறிடுச்சு."