தப்புத் தப்பாய்ப் படிக்கிறவள்

"யோவ் சபினோ, அந்தப் பொண்ணை முதல்ல வெளிய அனுப்பு."

நோட்டரி ஐயா பல்லைக் கடித்தார். 1917. இத்தாலியின் பாரி நகரத்து பயாஸ்கோப் கொட்டகையில் யுத்தச் செய்திப்படம் ஓடிக்கொண்டிருந்தது.

"எல்லாரும்தானே ஐயா படிக்கிறாங்க?" என்றான் சபினோ. டிக்கெட் கிழிப்பதும் சத்தம் போடுகிறவர்களை அடக்குவதும் அவன் வேலை. ஊமைப்படம். திரையில் வரும் எழுத்தைப் படிக்கத் தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்குப் படித்துச் சொல்வது அங்கே சகஜம்.

"படிக்கட்டும், யாரு வேண்டாங்கறா? இவ வாய்க்கு வந்ததை அளக்குறா. நீயே போய்க் கேளு."

சபினோ போய் நின்றான். மீன் விற்கிற நுன்சியாத்தா, பக்கத்தில் மருமகள் அசுந்தா. ஒரே மகன் ரோக்கோ போர்முனைக்குப் போய் எட்டு மாசம்.

திரையில் எழுத்து வந்தது. 'தாக்குதலுக்குப் புறப்படும் நம் பாரி வீரர்கள்.'

"நம்ம ஊர்ப் பசங்களுக்கு லீவு விட்டாச்சாம், அத்தை," என்று படித்தாள் அசுந்தா.

"அப்பாடா, வயித்துல பாலை வார்த்தே."

அடுத்து, 'எதிரியின் குண்டுமழை.' ஒரே புகை.

"மலையை உடைச்சு ரோடு போடுறாங்களாம், அத்தை."

சபினோவுக்குச் சுருக்கென்றது. திரும்பி வந்தான்.

"என்ன, அனுப்பலையா?"

"அவங்க இருக்கட்டும் ஐயா. நீங்க வேணும்னா தள்ளி உக்காருங்க."

"முதலாளிகிட்ட சொல்லி உன் சீட்டைக் கிழிக்கிறேன் பாரு," என்று அவர் எழுந்து போனார். வேலை போனால் போகட்டும் என்று சபினோ இருந்துவிட்டான்.

படம் விட்டது. மருமகளை முன்னால் போகவிட்டு, கிழவி அவன் சட்டைப் பையில் ஒரு கை வறுத்த கடலையைக் கொட்டினாள்.

"வெளிய துரத்தாம விட்டியே, நல்லா இருப்பே."

"இருக்கட்டும்மா. அதான் லீவு விட்டாச்சே, மகன் வந்துடுவான் பாருங்க."

அவள் அவனை உற்றுப் பார்த்தாள்.

"நீயுமா தம்பி? அவன் கடுதாசியை நானே படிக்கணும்னு, அவளுக்குத் தெரியாம பாதிரியார்கிட்ட எழுத்துக் கத்துக்கிட்டேன். தாக்குதல்னு போட்டதை நானும்தான் படிச்சேன்."

"அப்புறம் ஏன்மா அவளைப் படிக்க விடுறீங்க?"

"லீவுன்னு தன் வாயால சொல்ற அன்னைக்குத்தான், அந்தப் பொண்ணு வயிறாரச் சாப்பிடுறா."