வாபஸ் வாங்கிய மனு

காலையிலிருந்து ஹைகோர்ட்டு வராந்தாவில் நின்றதில் குவாரி மேஸ்திரிக்கு இடுப்பு கழன்றுவிடும்போல வலித்தது. அதைவிட வலித்தது, கண்ணில் பட்ட காட்சி. நெட்டையன் பொண்டாட்டி கம்பெனி வக்கீலிடம் ஒரு காகிதத்தை நீட்டினாள். அவர் சிரித்தபடி வாங்கிக்கொண்டார்.

குவாரியில் கிரேன் இறக்கிய கல்லுக்கு அடியில் சிக்கி நெட்டையன் செத்து ஒன்பது மாதம். குடித்துவிட்டு அவனாகப் போய் நின்றான் என்றது கம்பெனி. அந்தப் பழியைத் துடைத்து நஷ்டஈடு வாங்கத்தான் மனு. மேஸ்திரியும் அவள் பக்கம் பிரமாணப் பத்திரம் கொடுத்திருந்தார்.

"எதிராளிகிட்ட என்ன தங்கச்சி குசுகுசு?"

"மனுவ வாபஸ் வாங்கிட்டேண்ணே. அதோட நகலக் குடுத்தேன்."

"வெண்ணெய் திரண்டு வர்ற நேரத்துல தாழிய உடைச்சிட்டியே. எவ்வளவு குடுத்தான்?"

அவள் பையைத் திறந்து காட்டினாள். வழக்குக் கட்டு, தண்ணீர் பாட்டில், பாதி தின்ற பன்.

"பையில எவன் குடுப்பான்? வீட்டுக்கு வந்து சேந்திருக்கும்."

"சிவில் கோர்ட்டுல புதுசா வழக்குப் போடுறேண்ணே. ஜட்ஜே அனுமதி குடுத்துட்டாரு."

"அங்க தீர்ப்பு வர்றதுக்குள்ள உனக்குப் பல்லு கொட்டிடும். யாருக்கு இந்தக் கதை? இருபது வருஷமா என் விசில் கேக்காம அந்தக் குவாரியில கிரேன் அசைஞ்சதில்ல. எத்தனை பேர மேய்ச்சவன் நான். எனக்கே காதுல பூவா?"

அவள் கோபப்படவில்லை. அதுவும் அவருக்குச் சந்தேகமாகவே பட்டது. காசு வாங்கியவர்களுக்குத்தான் இவ்வளவு பொறுமை வரும்.

"அவன் அன்னிக்குச் சொட்டுக்கூடக் குடிக்கலன்னு எழுதி, கையெழுத்தும் போட்டுக் குடுத்தேனே. அது போதாதா?"

"இங்க காகிதத்த மட்டும்தான் பாக்குறாங்கண்ணே. யாரையும் கூப்பிட்டு விசாரிக்க மாட்டாங்களாம். அங்கன்னா ஆளையே கூண்டுல ஏத்தி, சத்தியம் வாங்கிட்டுக் கேப்பாங்களாம்."

"யாரை ஏத்தப் போற? கம்பெனிக்காரன் வந்து உண்மையச் சொல்லிடுவானா?"

அவள் பையை மூடித் தோளில் மாட்டிக்கொண்டாள்.

"உங்களத்தான். அவரு கீழ நிக்கிறப்பக் கல்ல எறக்கச் சொன்னது யாரு? அந்தப் பதில எனக்கு இன்னும் நீங்க பாக்கி வச்சிருக்கீங்க."