தோபியாசு எங்கே?

"யாரு சிஸ்டர் இவரு?"

இன்ஸ்பெக்டர் கத்தோலிக்கக் கோயில் நூலகத்தின் வாசலிலேயே நின்று கேட்டார். கன்னியாஸ்திரி ஜெயசுதா குறுக்கே வந்து நின்றாள்.

"பிரதருங்க. குருமடத்துல படிக்கிறாரு. கரியாலூர் மலைக்கு வேதம் சொல்லிக்குடுக்கப் போறாரு. பஸ் இல்லாம கள்ளக்குறிச்சியிலயே மாட்டிக்கினாரு."

மேசைக்குப் பின்னால், சாமியாரின் பழைய வெள்ளை அங்கிக்குள் உட்கார்ந்திருந்த வீரமுத்து, தடித்த புத்தகம் ஒன்றை நெஞ்சோடு அணைத்துக்கொண்டான். ரிஷிவந்தியம் பக்கத்து விவசாயி. இட ஒதுக்கீடு கேட்டுப் புளியமரங்களை வெட்டிச் சாலையில் சாய்த்தவர்களில் ஒருவன். விடிகிற நேரத்தில் மதிலேறிக் குதித்து, "அக்கா, மாட்டினா என்னை வுட மாட்டாங்க" என்று அவள் காலில் விழுந்தவன்.

இடம் கொடுத்தது சரியா? அவன் சாய்த்த மரத்துக்கு அந்தப் பக்கம் எந்தப் பிரசவக்காரியின் வண்டி நின்றதோ? துரத்தப்பட்டு வந்தவனை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தியிருக்க முடியுமா? காலையிலிருந்து ஜெபத்தில்கூட இரண்டு பக்கமும் அவளே வாதாடிக்கொண்டிருந்தாள்.

"இன்னா பொஸ்தகம் பிரதர்?"

"வேத... வேத அகராதிங்க."

இன்ஸ்பெக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "எங்கப்பா உபதேசியாரு சிஸ்டர். எந்த வேதப் பொஸ்தகம் வந்தாலும், மொதப் பக்கத்துல ஆயர் அனுமதி இருக்குதான்னு பாப்பாரு. இருந்தாத்தான் நம்ம கத்தோலிக்கப் பொஸ்தகம்பாரு." வீரமுத்துவிடம் திரும்பினார். "எங்க பிரதர், தோபியாசு ஆகமத்தப் பத்தி அதுல இன்னா போட்டிருக்கு? படிங்க கேப்போம்."

ஜெயசுதா அலமாரியைத் திரும்பிப் பார்த்தாள். அலமாரியில் இருந்தவை இரண்டு அகராதிகள். ஒன்று கத்தோலிக்கர்கள் போட்டது. மற்றது புராட்டஸ்டன்ட் சபையார் போட்டது. அவர்கள் வேதாகமத்தில் தோபியாசே கிடையாது. இரண்டுக்கும் அவள்தான் ஒரே மாதிரி காக்கி அட்டை போட்டிருந்தாள். அவன் கையில் இருப்பது எது?

வீரமுத்து புரட்டினான். முன்னால் போனான், பின்னால் வந்தான். கோடாரி பிடித்துக் கொப்புளம் கண்ட விரல்கள் தாளில் வரிவரியாகத் தேடின.

"அப்படி ஒண்ணு... இதுல இல்லீங்களே சார்."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

இன்ஸ்பெக்டர் அகராதியைக் கையில் வாங்கினார். முதல் பக்கத்தைப் பார்த்தார். மூடினார்.

"எப்பிடி இருக்கும்? இது புராட்டஸ்டன்ட்காரங்க போட்டதாச்சே! படிச்ச ஆளுதான். வேற எவனாச்சும்னா வாய்க்கு வந்தத அளந்து வுட்டிருப்பான்." வெளியே பார்த்துக் குரல் கொடுத்தார். "யோவ், இங்க யாருமில்ல. வண்டிய எடு!"

வாசற்படியில் நின்று திரும்பினார். "மலைக்குப் போறதுன்னா ஜாக்கிரதை பிரதர். எங்க ஆளுங்க மொத்தமும் சின்னசேலம் பக்கம் போய்க்கினு இருக்காங்க. கச்சிராயபாளையம் ரோட்டுல இன்னிக்கி போலீஸ் காவலே கெடையாது."

ஜீப் சத்தம் தேய்ந்து மறைந்தது.

"நல்லவேளை, சரியான புத்தகமாப் பாத்து எடுத்த!" என்றாள் ஜெயசுதா, மூச்சு வாங்க.

"எனக்கு இன்னாக்கா தெரியும்? கைக்கு வந்தத எடுத்தேன்."

அகராதியை அலமாரியில் வைக்கப்போனவள், என்னவோ தோன்றி முதல் பக்கத்தைத் திறந்தாள்.

அங்கே, கொட்டை எழுத்தில், ஆயரின் அனுமதி அச்சாகியிருந்தது.