கேம் பொருத்தம்

ஜாதகத்தைப் பரணில் போட்டாயிற்று. இப்போதெல்லாம் பெண்ணும் மாப்பிள்ளையும் வாங்கிய கேம்களைத்தான் பொருத்திப் பார்க்கிறார்கள்.

பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையின் அம்மா பவித்ரா, இதழினியின் கேம் கணக்கை டிவியில் திறந்தார்.

"மறைச்சு வச்சிருக்கிறதையும் காட்டும்மா."

இதழினி தயங்கியபடி ரிமோட்டை அழுத்தினாள். எருமைகள் சேற்றில் உருண்டு ஓடும் சின்னப் பிள்ளைகள் கேம் ஒன்று திரையில் வந்தது. அவள் அப்பா தலையில் கை வைத்துக்கொண்டார்.

பவித்ரா எழுந்தேவிட்டார். "அய்யோ, இதை ஆன்லைன் கடையிலேர்ந்தே எடுத்துட்டாங்களே! முன்னாடியே வாங்கினவங்ககிட்ட மட்டும்தான் இருக்கும். எங்கெல்லாம் தேடினேன்! சீக்கிரம் டவுன்லோட் பண்ணு."

"அம்மா, நான் இன்னும் பொண்ணுகிட்ட ஒரு வார்த்தைகூடப் பேசலை" என்றான் மாப்பிள்ளை ருத்விக்.

"நீ பஜ்ஜி சாப்பிடுடா" என்றார் பவித்ரா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "மருமகளும் நானும் ஒரு ரவுண்டு ஓடிட்டு வர்றோம்."