பழசா, புதுசா

தலையிலிருந்து இடுப்பு வரை ஸ்கேன் குழாய்க்குள் போயிருந்தது அவருக்கு. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், கம்ப்யூட்டர் முன்னால் இருந்த டெக்னீஷியன்கள் இரண்டு பேரும் மைக்கை அணைக்க மறந்துவிட்டு வாக்குவாதத்தில் இருந்தார்கள்.

“பழைய ஆப்பரேட்டிங் சிஸ்டம் பன்னிரண்டு வருஷத்துல ஒரு தடவைகூட நின்னதில்லை,” என்றாள் அந்தப் பெண்.

“வைரஸ் வந்தா யாரு பார்க்கிறது?” என்றான் கூட இருந்தவன்.

“நெட்டே இல்லாத கம்ப்யூட்டருக்கு வைரஸ் நடந்தா வரும்? உன் புதுசுல ஸ்டார்ட் பட்டனைத் தேடவே கால் மணி நேரம் ஆகுது.”

“காலையிலதானே போட்டோம். பழகிடும்.”

குழாய்க்குள் அவருக்கு வியர்த்துக் கொட்டியது. அசையக் கூடாது என்று சொல்லியிருந்ததால் வியர்வையைக்கூடத் துடைக்க முடியவில்லை.

“தம்பி, இப்ப ஓடுறது புதுசா?”

“ஆமா சார். நீங்கதான் முதல் ஆள்.”

“என்னை வெளியே இழுத்துடுங்க. பழசைப் போட்டுட்டுக் கூப்பிடுங்க, வர்றேன்.”

“பயப்படாதீங்க சார். நூறு மணி நேரம் ஓட்டிப் பார்த்துட்டுத்தான் கம்பெனியில அனுப்புறாங்க. சோதிச்சவர் கையெழுத்தே இருக்கு.” காகிதம் புரளும் சத்தம் கேட்டது. “அட, பேரு, இனிஷியல் எல்லாம் அப்படியே உங்களுது சார்.”

“அது நான்தாம்பா,” என்றார் அவர், குழாய்க்குள்ளிருந்து. “அதனாலதான் சொல்றேன், இழுங்க.”