சிப்பிக் கொட்டகையில் ஓட்டுக் கேட்க வந்தவர்

பனிக்காலத்து வெயில் கொட்டகைக் கதவு வழியே சிப்பிக் குவியலின் மேல் விழுகிறது. உலகப் போர் முடிந்து வரும் முதல் தேர்தல். எங்களைப் போன்ற பெண்களுக்கு முதல் ஓட்டு. சிப்பியைப் பிளந்து, சதையை மீனுக்கு இரையாகத் தூண்டில் முள்ளில் குத்திக்கொண்டே, வாசலில் நிற்பவரைப் பார்க்கிறோம். ஹியூபர்ட் லான்ஸ்டேல். வக்கீலாக வந்து, எங்கள் தொகுதி உறுப்பினராகி, ஒருமுறை மந்திரியாகவும் இருந்தவர். பெண்களுக்கு ஓட்டு எதற்கு என்று நாடாளுமன்றத்தில் முழங்கியவரும் இவர்தான். இந்தக் கொட்டகைப் பக்கம் இதுவரை வந்ததே இல்லை. உயரத் தொப்பியைக் கழற்றலாமா என்று விரல்கள் தடுமாறுகின்றன, கடைசியில் கழற்றுகிறார். வழுக்கை. நாங்கள் நினைத்ததைவிடக் குள்ளம்.

"உள்ள வாங்கய்யா, வழுக்கும், பாத்து," என்கிறாள் தெர்சா. போரில் அவள் கணவனின் படகு கடலில் மிதந்த கண்ணிவெடியில் சிதறிப்போனது. "ஒண்ணு கேக்கணும். பொம்பளைங்களுக்கு விவரம் பத்தாதுன்னு பேசினீங்களே, எங்கள்ல யாரப் பாத்துச் சொன்னீங்க?"

கத்திகள் நிற்கின்றன.

"யாரையும் பாக்கலம்மா," என்கிறார் மெல்ல. "பாக்காமலேதான் பேசிட்டேன்."

தெர்சா ஒரு கூடையைக் கவிழ்த்துப் போடுகிறாள். அவர் அதில் உட்கார்ந்து, எங்கள் வெடித்த விரல்களையே கொஞ்ச நேரம் பார்க்கிறார்.

"அப்ப, ஓட்டு எனக்குத்தானா?"

"அது ரகசியமாச்சே!" அவள் அடுத்த சிப்பியைப் பிளக்கிறாள். "சட்டம் போட்டவங்களே கேக்கலாமா?"

கொட்டகையே சிரிக்கிறது. அவர் மட்டும் சிரிக்காமல், பதில் எங்காவது தெரிகிறதா என்று ஒவ்வொரு முகமாக, நிதானமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.